வாண்டில் ஆற்றங்கரை ஊர்



டூட்டிங் பிராட்வேயில் முருங்கைக்காயும் கறிவேப்பிலையும் வாங்கிக்கொண்டு திரும்பும் லண்டன் தமிழர் பலருக்கு, நார்தர்ன் லைனில் அடுத்த நிலையமான கோலியர்ஸ் வுட் வெறும் பெயர்தான். இறங்கிப் பத்து நிமிடம் நடந்தால் வாண்டில் ஆறு வரும். வைகையைப் பார்த்தவர்கள் இதை வாய்க்கால் என்பார்கள். ஆனால் 1926-இல் ரயில் வருவதற்கு வெகுகாலம் முன்பிருந்தே இந்த ஊருக்குச் சோறு போட்டது இந்த ஆறுதான்.

கரையில் இருந்தவர்களின் பிழைப்பு பெரும்பாலும் துணி. வெளுப்பது, அச்சடிப்பது, அலசுவது. நம் சோழமண்டலக் கரையிலிருந்து கப்பலேறிப் போன சீட்டித் துணிமேல் ஆங்கிலேயருக்கு அப்படியொரு மோகம். உள்ளூர் நெசவாளர்கள் கொதித்தெழுந்தார்கள். 1721-இல் பாராளுமன்றம் சீட்டி உடுத்துவதையே பெருமளவு தடுத்துச் சட்டம் போட்டது. மோகம் மட்டும் போகவில்லை. வாண்டில் கரையில் அச்சுப்பட்டறைகள் பெருகியது அந்த நூற்றாண்டில்தான்.

1881-இல் ஆங்கில வடிவமைப்பாளர் வில்லியம் மோரிஸ் இங்கே பட்டறை வைத்தார். அவுரி நீலத்தின்மேல் அவருக்குத் தீராத ஆசை. தொட்டியில் முக்கி எடுக்கும்போது துணி மஞ்சள் கலந்த பச்சையாக வரும். காற்றுப் பட்டதும் கண்ணெதிரே நீலமாக மாறும். முழுத் துணியையும் அப்படித் தோய்த்து, பூவும் பறவையும் வரவேண்டிய இடத்தில் மட்டும் நீலத்தை வெளுத்து, அங்கே சிவப்பும் மஞ்சளும் ஏற்றுவார்கள். புகழ்பெற்ற 'ஸ்ட்ராபெரி தீஃப்' துணி 1883-இல் அப்படித்தான் பிறந்தது. அதே பட்டறையில் பெண்கள் தறியில் உட்கார்ந்து கம்பளம் நெய்தார்கள்.

பக்கத்தில் லிபர்ட்டி நிறுவனத்தார் மர அச்சுக்கட்டையால் பட்டுக்கு அச்சு குத்தினார்கள். அந்தப் பட்டை அலச உதவிய நீர்ச்சக்கரம் அந்தப் பழைய பட்டறை வளாகமான மெர்ட்டன் அபி மில்ஸில் இன்றும் இருக்கிறது. நிலையத்துக்கு எதிரே கண்ணை அடைக்கும் அடுக்குமாடியை விடுங்கள். என்னைக் கேட்டால், கோலியர்ஸ் வுட்டில் பார்க்க வேண்டியது இந்தச் சக்கரத்தைத்தான்.

சாயக்கழிவு கலந்த நொய்யல் ஆற்றங்கரையிலிருந்து கேட்கும் நேயர்களுக்கு ஒன்று சொல்லியாக வேண்டும். 1960-களில் வாண்டிலைச் சாக்கடை என்றே அறிவித்துவிட்டார்கள். ஊர்க்காரர்கள் விடவில்லை. தண்ணீரில் இறங்கிக் குப்பை அள்ளினார்கள். பள்ளிப் பிள்ளைகள் வகுப்பறைத் தொட்டியில் டிரவுட் மீன்குஞ்சு வளர்த்து ஆற்றில் விட்டார்கள். இப்போது அந்த மீன் வாண்டிலில் தானாகவே முட்டையிட்டுப் பெருகுகிறது.