ஊர்க் கண்ணால் கண்ட லண்டன்
(நூற்றாண்டு விழா ஒன்றுகூடலில் ஆற்றப்பட்ட உரை)



நம்மிற் பலர் இன்று வெளிநாடுகளில் வாழ்கிறோம். ஆகவே, வெளிநாடு போய்வந்த ஓர் ஓவியரைப் பற்றிச் சில வார்த்தைகள் சொல்ல விரும்புகிறோம்.

பஜ்ஜு சியாம் 1971இல் இந்தியாவின் மத்தியப் பிரதேசத்தில் பதன்கர் என்னும் சிற்றூரிற் பிறந்தவர். கோண்டுப் பழங்குடியினர். அம்மக்கள் தம் வீட்டுச் சுவர்களிலும் தரையிலும் சித்திரம் தீட்டுவர். நல்ல சித்திரத்தைக் கண்டால் நன்மை வரும் என்பது அவர்கள் நம்பிக்கை. வறுமை காரணமாகப் போபாலுக்கு வந்த பஜ்ஜு, காவலாளியாகவும் வேலை பார்த்தார். அவருக்குத் தூரிகை கொடுத்தவர், உறவினரும் குருவுமான ஜங்கர் சிங் சியாம். கோண்டுச் சித்திரத்தைக் கடதாசிக்குக் கொண்டுவந்து 1989இல் பாரிஸ் வரை எடுத்துச் சென்ற அந்தக் கலைஞர், 2001இல் யப்பானிலே தங்கிப் பணியாற்றிய வேளை தம் உயிரை மாய்த்துக்கொண்டார். தூரதேசத் தனிமை எத்தகையது என்பது நமக்கும் தெரியும்.

அடுத்த ஆண்டே பஜ்ஜு லண்டனுக்குப் புறப்பட்டார். ஓர் இந்திய உணவகத்தின் சுவர்களில் இரண்டு மாதம் சித்திரம் தீட்டும் வேலை. அவர் அங்கே கண்டவை 2004இல் சென்னை தாரா புக்ஸ் வெளியீடாக, 'லண்டன் ஜங்கிள் புக்' என்ற நூலாயின.

அந்நூலில் விமானம் பறக்கும் யானை. நிலத்தடி ரயில் மண்புழு. தினமும் வேலைக்கு ஏற்றிச் சென்ற 30ஆம் இலக்க பஸ், விசுவாசமான நாய். இருட்டியதும் மதுச்சாலைக்குப் புறப்படும் ஆங்கிலேயர் வௌவால்கள். பிக் பென் மணிக்கூட்டுக் கோபுரமோ சேவலோடு ஒன்றாகிவிடுகிறது. அவர் ஊரில் நேரம் சொல்வது சேவலல்லவா!

இதில் கேலி இல்லை, தாழ்வுணர்ச்சியும் இல்லை. தெரியாத ஊரைத் தெரிந்த கதைகளைக் கொண்டு அவர் விளங்கிக்கொண்டார். 2018இல் இந்திய அரசு அவருக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கியது.

நாம் என்ன செய்தோம்? சித்திர பாடத்தில் பூச்சாடியும் அப்பிளும் வரைந்தோம். வேலியோரப் பூவரசை வரைய நமக்குத் தோன்றவில்லை. வெளிநாடு போனதும் மற்றவர் வாய்க்கு வசதியாகப் பெயரைச் சுருக்கினோம். "அம்மம்மா, உங்கட ஊரில என்ன இருந்தது?" என்று பேத்தி கேட்டபோது, "ஒண்டுமில்லை, வெயில்தான்" என்றாராம் நம்மில் ஒருவர். சிரித்தபடிதான் சொன்னார். கேட்ட நமக்குச் சிரிப்பு வரவில்லை.

சகோதரிகளே, ஒன்றுமில்லாத ஊரிலிருந்து நாம் போகவில்லை. பனைமரத்து முனிக்கும், கிணற்றடி வாழைக்கும், ஆச்சி சொன்ன நரிக்கும் நம்மிடம் கதைகள் உண்டு. இந்த நூற்றாண்டில் நம் பாடசாலைக்கு மண்டபம் கட்டுவோம், நிதியும் சேர்ப்போம். அத்தோடு, வீடு திரும்பியதும் பேரப்பிள்ளையின் கையில் வர்ணப் பென்சிலைக் கொடுத்து, அந்தக் கதைகளில் ஒன்றையாவது சொல்லுவோம். அப்பிள்ளை தன் நகரத்தை அதில் வரையட்டும்.