கடல் விலகும் நேரம்

படகு வேண்டாம், நீச்சல் வேண்டாம். கடலுக்குள் நடந்தே போய்ப் பவளப்பாறை பார்க்கலாம். குஜராத்தில் ஜாம்நகர் பக்கம் நராரா என்று ஓர் இடம். அங்குள்ள கடல்சார் தேசியப் பூங்காவைச் சேர்ந்தது. ஒரே நாளில் பார்த்துவிடலாம்.

ஆனால் ஒன்று. கடல் வற்றும் நேரம் தெரிந்து போக வேண்டும். குழாயில் தண்ணீர் வரும் நேரம் பார்த்துக் குடம் வைக்கிறோம் இல்லையா? இங்கே தண்ணீர் போகும் நேரம் பார்த்துக் கிளம்ப வேண்டும். அந்த நேரம் தினமும் முக்கால் மணி நேரத்துக்கு மேல் தள்ளிப்போகும். நேற்றுப் போனவர் சொன்ன நேரம் இன்றைக்கு உதவாது. அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிக் கடல் நன்றாகவே உள்வாங்கும்.

கூட வரும் வழிகாட்டி கால் வைத்த இடத்திலேயே கால் வையுங்கள். கல் என்று நாம் மிதிப்பது உயிருள்ள பவளமாக இருக்கும். கணுக்கால் தண்ணீரில் கடல் சாமந்தி விரல் விரலாக அசையும். பாறை இடுக்கில் ஆக்டோபஸ் நிறம் மாறும். பேத்தை மீனைக் கையில் எடுத்து உப்பவைத்துக் காட்டச் சொல்லாதீர்கள். அது பயத்தில் உப்புகிறது, பாவம்.

வழிகாட்டி "போதும், வாங்க" என்றால் உடனே திரும்புங்கள். போட்டோ எடுக்கும்வரை கடல் காத்திருக்காது.