வீடு கொடுத்தோம், வாசல்?



திரைக்கதையில் ஒவ்வொரு காட்சிக்கும் மேலே 'உள்' அல்லது 'வெளி' என்று எழுத வேண்டும். இத்தனை வருடத்தில் அந்த ஒரு சொல்லில் நான் தடுமாறியதில்லை. கூவம் கரைக் குடும்பம் ஒன்றின் கதையை எழுத உட்கார்ந்தேன், முதல் காட்சியிலேயே பேனா நின்றுவிட்டது.

சிந்தாதிரிப்பேட்டைக் கரையில் ஓர் அம்மா ஆப்பம் சுடுகிறார். அடுப்பு வாசலில். பேத்தி தலை பின்னிக்கொள்வது அங்கே. மகள் புருஷனோடு சண்டை போட்டுவிட்டு வந்து அழுவது அங்கே. எதிர்வீட்டு ஆயா குறுக்கே புகுந்து நியாயம் சொல்வதும் அங்கேதான். இது உள்ளா, வெளியா?

அப்புறம் கரையைக் காலி செய்ய லாரி வருகிறது. 20 கிலோமீட்டருக்கு அப்பால் பெரும்பாக்கம்; எட்டு மாடிக் கட்டடத்தில் ஆறாவது மாடியில் வீடு.

அந்த வீட்டைக் குறைத்துப் பேச நான் வரவில்லை. கூரை ஒழுகாது. கழிப்பறை உள்ளேயே இருக்கிறது. 2015 வெள்ளத்தைக் கண்ணால் பார்த்தவர்கள் யாரும் ஆற்றங்கரையே போதும் என்று சொல்லமாட்டார்கள். ஆனால், 1970இல் குடிசை மாற்று வாரியம் பிறந்த காலத்தில், குடிசை இருந்த மண்ணிலேயே அடுக்குமாடி எழுந்த இடங்கள் சென்னையில் எத்தனையோ உண்டு. 2000இல் கண்ணகி நகர், பிறகு செம்மஞ்சேரி, பிறகு பெரும்பாக்கம் என்று ஏழையின் முகவரி ஊரின் தெற்கு ஓரத்துக்கே போயிற்று. 2021இல் வாரியத்தின் பெயரிலேயே 'வாழ்விடம்' என்ற சொல்லைச் சேர்த்தார்கள். நல்ல சொல். 'வீடு வாசல்' என்று சேர்த்தே பேசிப் பழகிய நமக்கு, அந்தச் சொல்லுக்குள் வாசலும் வந்தாக வேண்டும்.

என் கதையில் மகளுக்கு மயிலாப்பூரில் வீட்டு வேலை. இருட்டோடு எழுந்து பஸ் பிடிக்கிறாள். பேத்திக்குப் பள்ளிக்கூடம் பாதி வருடத்தில் மாறிவிட்டது. ஆயாவுக்கு வேறு பிளாக்கில் வீடு. ஆறு மாடி ஏறி ஆப்பம் வாங்க யார் வருவார்கள்? அடுப்பு அணைந்து கிடக்கிறது. வீட்டை இடிக்கும் நாளை எழுதுவது எனக்குச் சுலபமாக இருந்தது. இந்த அணைந்த அடுப்பை எழுதத்தான் மூன்று மாதம் ஆயிற்று.

ஒரு சாயங்காலம் அந்த அம்மா லிஃப்டுக்கு எதிரே, நடையில் பாயை விரித்து உட்காருகிறார். பக்கத்துக் கதவு பாதி திறக்கிறது. எந்தக் கரையிலிருந்து வந்தவளோ, ஒரு பெண் சீப்போடு வந்து உட்கார்ந்து பேத்தியின் பின்னலை அவிழ்க்கிறாள்.

அந்தக் காட்சிக்கு மேலே 'வாசல்' என்று எழுதியிருக்கிறேன். எந்தத் தயாரிப்பாளர் கேட்டாலும் அதை மாற்றமாட்டேன்.