கோபாலன் தேர்ந்த வழி



குடிகாட்டுக்காரன் நான். அதனால் இன்னொரு கிராமத்துக்காரரைப் பற்றியே பேசுகிறேன்.

செங்கல்பட்டுச் சீமையில் மொறப்பாக்கத்தில் 1909-இல் பிறந்தவர் எம்.ஜே. கோபாலன். கிரிக்கெட், ஹாக்கி இரண்டிலும் இந்தியாவுக்கு ஆடியவர். 1934 நவம்பரில் சேப்பாக்கத்தில் ரஞ்சிக் கோப்பையின் முதல் பந்தை வீசியவர் அவர்தான். 1935-இல் தியான்சந்தோடு நியூசிலாந்து போய் ஹாக்கி ஆடினார்.

1936-இல் வந்தது சோதனை. பெர்லின் ஒலிம்பிக்கா, இங்கிலாந்து கிரிக்கெட் பயணமா? கிரிக்கெட் என்றார். அங்கே ஒரு டெஸ்டிலும் இடமில்லை. பெர்லினிலோ நம் ஹாக்கி அணிக்குத் தங்கம்!

அதற்காக மனுஷர் மூலையில் உட்காரவில்லை. சென்னைக்காக வருஷக்கணக்கில் ஆடினார். பின்னாளில் சென்னையும் இலங்கையும் மோதிய ஆட்டத்துக்கு அவர் பெயரிலேயே கோப்பை வைத்தார்கள். 2003-இல் மறைந்தார்.

நண்பர்களே, நாமும் ஆளுக்கொரு வழி தேர்ந்தோம். விட்ட வழியில் தங்கம் கிடந்திருக்கலாம். போன வழியில் ஒழுங்காக நடந்தோமா என்பதுதான் கேள்வி.