உடுவிலின் எலைசா அக்னியூ

1814இல் எலைசா அக்னியூ நியூயோர்க்கில் ஏழு வயதுச் சிறுமி. அடுத்த ஆண்டு பூகோள வகுப்பில் தேசப்படத்தில் இலங்கையைத் தேடிக் கண்டபோதே, இங்கு வந்து பணிசெய்யத் தீர்மானித்தாராம். பெற்றோர் காலமாகும்வரை காத்திருந்து, 1840இல் யாழ்ப்பாணம் வந்தார்.

ஹரியற் வின்ஸ்லோ 1824இல் ஆரம்பித்த உடுவில் பெண்கள் விடுதிப் பள்ளியை ஏறத்தாழ 40 ஆண்டுகள் நடத்தினார். பெண்ணுக்குப் படிப்பெதற்கு என்று கேட்ட காலம் அது. அந்த நிலையிலும் தாய், மகள், பேத்தி என மூன்று தலைமுறை அவரிடம் படித்தது பெருஞ்சாதனை. விடுமுறையில் பழைய மாணவிகளின் வீடுகளுக்கே போய் நலம் விசாரிப்பார். ஆயிரம் பெண்களின் தாய் என்று ஊரார் அழைத்தனர். 1879இல் ஓய்வுபெற்றும் தாய்நாடு திரும்பவில்லை. 1883இல் மானிப்பாயில் காலமானார்.