கட்டிலில் கிடப்பவரின் பெயர்

(அமெரிக்காவில் படிக்கும் தமிழ் மாணவர்களின் வாசிப்பு வட்டத்தில் இணையவழியில் பேசியது)



மருத்துவக் கல்லூரிக்கு விண்ணப்பிக்கும் முன் வெளிநாட்டுக்கு மருத்துவச் சேவைப் பயணம் போகலாமா என்று உங்களில் சிலர் கேட்டிருந்தீர்கள். நான் மருத்துவரல்ல, வரலாற்று ஆய்வு மாணவன். ஆனால் கேள்வியைப் படித்ததும் அம்மாவின் நினைவு வந்தது. ஓர் அரசு மருத்துவமனையில் அவர் படுத்திருந்தபோது, எட்டு மாணவர்கள் கட்டிலைச் சுற்றி நின்று ஒருவர் பின் ஒருவராக வயிற்றை அழுத்திப் பார்த்தார்கள். யாரும் பெயர் கேட்கவில்லை. தொடலாமா என்றும் கேட்கவில்லை. ஆனாலும் பக்கத்தில் ஒரு பேராசிரியர் இருந்தார். தவறினால் கையைப் பிடித்து நிறுத்தியிருப்பார்.

அந்தப் பேராசிரியரும் இல்லாத இடங்களுக்குத்தான் பல நிறுவனங்கள் கட்டணம் வாங்கிக்கொண்டு மாணவர்களை அழைத்துப் போகின்றன. அமெரிக்காவில் ஊசி போடக்கூட அனுமதியில்லாத இருபது வயது மாணவர் அங்கே தையல் போடுகிறார், பிரசவம் பார்க்கிறார். அமெரிக்க மருத்துவக் கல்லூரிகள் சங்கமே 2011இல் இதற்கு வழிகாட்டுதல் வெளியிட வேண்டியிருந்தது. பார்த்துக் கற்பதற்குத்தான் போக வேண்டும், தகுதிக்கு மீறிக் கைவைக்கக் கூடாது என்பது அதன் சாரம்.

ஏழை உடலில் கைபழகுவது புதிதல்ல. 1840களில் அலபாமாவில் மேரியன் சிம்ஸ் என்ற மருத்துவர், அடிமைப்படுத்தப்பட்ட கறுப்பினப் பெண்களின் உடலில் மயக்க மருந்து இல்லாமலே அறுவை சிகிச்சைகளைச் சோதித்தார். அனார்க்கா என்ற பெண்ணுக்கு மட்டும் சுமார் 30 முறை. அந்த மருத்துவரின் சிலையை நியூயார்க் நகரம் 2018இல்தான் அகற்றியது.

"நாங்கள் போகாவிட்டால் அந்தக் கிராமத்துக்கு அதுவும் கிடைக்காதே?" என்கிறீர்கள். நியாயமான கேள்வி. ரத்த அழுத்தத்துக்கு ஒரு மாத மாத்திரை கொடுத்துவிட்டு நீங்கள் விமானம் ஏறிவிடுகிறீர்கள். இரண்டாம் மாதம்? அவர் ஆயுள் முழுக்கச் சாப்பிட வேண்டிய மாத்திரை அது. உங்கள் குழுவின் விமானக் கட்டணத்தைக் கூட்டிப் பாருங்கள். உள்ளூர்ச் செவிலியர் ஒருவருக்குப் பல மாதச் சம்பளம் வரும்.

1998இல் மிட்ச் புயல் மத்திய அமெரிக்காவைச் சிதைத்தது. கியூபா மருத்துவர்களை அனுப்பியதோடு நிற்கவில்லை. 1999இல் ஹவானாவில் லத்தீன் அமெரிக்க மருத்துவப் பள்ளியைத் தொடங்கி, பாதிக்கப்பட்ட நாடுகளின் பிள்ளைகளையே இலவசமாகப் படிக்க வைத்தது. அங்கே படித்துத் திரும்பிய கரிஃபுனா இளைஞர்கள், ஆப்பிரிக்க, பூர்வகுடி வழிவந்தவர்கள், ஹோண்டுராஸின் சிரிபோயா கிராமத்தில் தம் மக்களோடு சேர்ந்து மருத்துவமனை கட்டினார்கள். 2007இல் அது திறக்கப்பட்டது. (கியூப அரசின் மீது எனக்கு விமர்சனங்கள் உண்டு. அதை இன்னொரு நாள் பேசுவோம்.) சேவை செய்யப்பட வேண்டியவர்களாகப் பார்க்கப்பட்டவர்களே மருத்துவர்களானார்கள். நம் ஊரில் இடஒதுக்கீட்டுக்காக நாம் போராடுவதும் இதற்குத்தானே?

ஆகவே போவதானால், அங்குள்ள செவிலியருக்கு மாணவராகப் போங்கள். யார் உங்களை அழைத்தார்கள், உடனிருக்கப்போகும் உள்ளூர் மருத்துவர் யார், நீங்கள் கிளம்பிய பிறகு நோயாளியைத் தொடர்ந்து யார் பார்ப்பார் என்று பணம் கட்டும் முன்பே கேளுங்கள். பதில் சொல்லாத நிறுவனத்துக்கு ஒரு டாலரும் கட்டாதீர்கள்.