காலந்தாழ்ந்த எதிருரை



பிழைப்பின் பொருட்டுத் தமிழகத்தை விட்டு வந்து கொல்கத்தாவில் நிலைபெற்ற நம்மில் பலருக்கு, ஊரிலே பூர்விக வீட்டில் ஒரு பங்கோ, ஒரு துண்டு நன்செய்யோ இன்றும் உண்டு. அதன்மீது உடன்பிறந்தாரிடையே பாகப்பிரிவினை வழக்கு எழுந்தால், தஞ்சாவூர் நீதிமன்றத்தின் சம்மன் ராஷ்பிஹாரி அவென்யூவில் இருக்கும் நம்மைத் தேடி வருகின்றது. பொங்கலுக்கு ஊர் போகும்போது பார்த்துக்கொள்வோம் என்று அதனை அலமாரியில் வைத்துவிடுகின்றோம். சட்டமோ பொங்கல்வரை பொறுத்திருப்பதில்லை.

வாய்தாவின்மேல் வாய்தா வாங்கி ஆண்டுக்கணக்கில் வழக்கைக் கடத்துவது முன்னாளில் எளிதாயிருந்தது. தன் பங்கைக் கேட்டு வந்த கைம்பெண் எதிருரையின் வரவுக்கே காத்துக் காத்து முதுமையடைய நேர்ந்தது. இக்கேட்டைக் களையவே 1908ஆம் ஆண்டுச் சிவில் நடைமுறைச் சட்டம் திருத்தப்பட்டது. 2002 ஜூலை 1 முதல், பிரதிவாதி சம்மன் கிடைத்த 30 நாட்களுக்குள் எதிருரை தாக்கல் செய்தல் வேண்டும். தக்க காரணம் இருப்பின், நீதிமன்றம் அதனை எழுத்தில் குறித்து, சம்மன் கிடைத்த நாளிலிருந்து 90 நாள்வரை அவகாசம் தரலாம்.

தொண்ணூறாம் நாள் கடந்தால் கதவு அடைபட்டுவிடுமா? இக்கேள்விக்கு விடை கிடைத்ததில் தமிழகத்துக்கும் பங்குண்டு. சட்டத் திருத்தங்களை எதிர்த்துச் சேலம் வழக்கறிஞர் சங்கம் உச்சநீதிமன்றம் சென்றது. அவ்வழக்கிலும், கைலாஷ் என்பாரின் வழக்கிலும் 2005இல் தீர்ப்பு வந்தது. நடைமுறை விதி நீதிக்குத் துணைநிற்க வேண்டுமேயன்றி அதனைத் தடுக்கலாகாது. எனவே 90 நாளுக்குப் பின்னரும் எதிருரையை ஏற்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு என்று உச்சநீதிமன்றம் கூறிற்று. ஆனால் அது அரிதாகவே, பிரதிவாதியின் சக்திக்கு அப்பாற்பட்ட காரணம் இருந்தால் மட்டுமே, வேண்டுமாயின் செலவுத்தொகையும் விதித்து, கையாளப்பட வேண்டும் என்றும் வரையறுத்தது.

ஆகவே இந்த அதிகாரம் நீதிபதியின் தனிப்பட்ட இரக்கமன்று, ஒரு துலாக்கோல். ஒரு தட்டில், தன் பக்கத்தைச் சொல்லாமலே சொத்தை இழக்கக்கூடிய பிரதிவாதி. மறுதட்டில், காத்திருந்து களைத்துப்போன வாதி. வேலை மிகுதி, மறதி என்பன அத்தட்டில் எடையற்றவை. மருத்துவமனையில் கிடந்த நாட்களும், பிராதின் நகலின்றி வந்த சம்மனும் எடையுள்ளவை.

வணிகர்களாகிய நம்மவர் இன்னொன்றையும் அறிதல் வேண்டும். 2015ஆம் ஆண்டு வணிக நீதிமன்றச் சட்டத்தின்கீழ் வரும் வழக்குகளில் 120ஆம் நாளோடு எல்லை முடிகின்றது. அதன்பின் எதிருரை தரும் உரிமையே பறிபோகின்றது. நீதிமன்றமும் அதனை ஏற்க இயலாது என்று 2019இல் உச்சநீதிமன்றம் அறுதியிட்டது. சென்னை, பம்பாய் உயர்நீதிமன்றங்களோடு 1862இல் தோன்றிய கல்கத்தா உயர்நீதிமன்றத்திலோ, நேரடியாகத் தொடுக்கப்படும் சிவில் வழக்குகளுக்கென்று தனி விதிகள் உள்ளன. எனவே வழக்கு எந்த நீதிமன்றத்தில், எவ்வகையில் தொடுக்கப்பட்டது என்பதே முதலில் கேட்க வேண்டிய கேள்வி.

எதிருரை இல்லையென்றால், நீதிமன்றம் நமக்கு எதிராகத் தீர்ப்பளித்துவிடலாம். நாம் வாராமையால் வழக்கு ஒருதலையாகத் தீர்ந்துவிட்டால், அதனை நீக்கக் கோரும் மனுவுக்கும் 30 நாளே தவணை. சம்மன் முறைப்படி சேராதிருந்தால் மட்டும், தீர்ப்பை நாம் அறிந்த நாளிலிருந்து அத்தவணை தொடங்கும்.

ஆதலின் சம்மன் கைக்கு வந்த நாளை அதன்மீதே குறித்துக்கொள்வோம். உறையையும் பத்திரப்படுத்துவோம். அந்த வாரத்திலேயே ஊரிலுள்ள வக்கீலுக்கு வக்காலத்தை அனுப்புவோம். எதிருரையோடு சேர வேண்டிய சத்தியக்கடிதத்தை இங்குள்ள நோட்டரியின் முன்னிலையிலேயே செய்துகொள்ளலாம்; அதற்காக ரயிலேற வேண்டுவதில்லை. நாள் தவறியிருந்தாலும் சோர்ந்திராமல், ஒவ்வொரு நாளின் தாமதத்துக்கும் உண்மைக் காரணத்தைச் சான்றோடு விளக்கும் மனுவை, எதிருரையையும் உடன் இணைத்துத் தாக்கல் செய்வோம். வெறுங்கையோடு வந்து அவகாசம் கேட்பவரைவிட, எதிருரையைக் கையில் ஏந்தி வருபவரின் சொல்லுக்கே நீதிமன்றத்தில் மதிப்பு மிகுதி.